தார்ப் பாலைநில மீட்பு

இந்தியாவின் வடமேற்கே, ஆரவல்லி மலைத்தொடருக்கு மேற்புறமாக, இராஜஸ்தானத்தில் ஏறத்தாழ 2 லட்சம் சதுர கிலோமீட்டர் பரப்பில் விரிந்து கிடக்கும் தார்ப் பாலையில், காற்றால் இடம்பெயரும் மணலை நிலைநிறுத்தவும், அருகிப் பெய்யும் மழைநீரை மண்ணிலே தங்கச் செய்யவும், அழிந்துபட்ட புல்லையும் மரத்தையும் மீண்டும் தழைப்பிக்கவும் பல நூற்றாண்டுகளாக நடைபெற்றுவரும் முயற்சிகள் இத்தலைப்பில் அடங்கும். கிழக்கே மலையடிவாரத்தில் ஆண்டுக்கு 500 மில்லிமீட்டர் வரை பெய்யும் மழை, மேற்கே செல்லச் செல்லக் குறைந்து, ஜைசல்மேருக்கு அப்பால் 100 மில்லிமீட்டர் அளவில் நின்றுவிடுகிறது. அதுவும் சில நாட்களிலேயே கொட்டித் தீர்ந்துவிடும். ஆயினும் உலகத்துப் பாலைகளுள் மக்கள் நெருக்கம் மிகுந்தவற்றில் இதுவும் ஒன்று. ஆகையால் ஆடும் மாடும் ஒட்டகமும் கம்புப் பயிருமாக வாழ்க்கை நடத்தும் குடிகளையும் உடன்கொண்டே இங்கு நிலத்தைத் தேற்ற வேண்டியிருக்கிறது என்பதை இப்பொருளைப் புதிதாகப் பயில்வோர் முதற்கண் மனத்திற் கொள்ளுதல் நலம்.

இம்முயற்சிகளுள் மிகப் பழையவற்றில் ஒன்று ‘கடீன்’ என்னும் நீர்த்தேக்க வேளாண்மை. 15-ஆம் நூற்றாண்டில் ஜைசல்மேர்ப் பிரதேசத்தில் குடியேறிய பாலிவால் அந்தணர்கள் இதனை வகுத்தனர் என்பர். கல்லும் பாறையுமான மேட்டுநிலத்தில் விழும் மழை, மண்ணுள் இறங்க வழியின்றித் தாழ்நிலம் நோக்கி ஓடிவரும். அத்தாழ்நிலத்தின் ஓரத்தில் நீண்ட மண்கரை ஒன்றை எழுப்பி, மிகுந்த வெள்ளம் கரையை உடைக்காதபடி ஒரு கலிங்கும், எஞ்சிய நீரை உரிய காலத்தில் வடிக்க அடியில் ஒரு மதகும் அமைத்துவிட்டால், தேங்கிய நீர் மெல்ல மெல்ல மண்ணில் ஊறி, வண்டலையும் படியச் செய்து, பனிக்காலத்தில் கோதுமையும் கடலையும் வேறு பாசனமின்றியே விளையும்படியான ஈரத்தை விட்டுச் செல்லும். கிணற்று நீரும் உவர்த்துக் கிடக்கும் ஒரு நாட்டில், நூறு நூற்றைம்பது மில்லிமீட்டர் மழையைக் கொண்டு கோதுமை விளைவித்த அந்த மதிநுட்பம் நம் நன்றிக்கும் வியப்பிற்கும் உரியது. பாலிவால்கள் 19-ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் குல்தரா முதலிய தம் கிராமங்களை விட்டகன்ற பின்னரும் அவர்தம் கரைகள் பல பயன்பாட்டில் நிலைத்தன.

நீரைக் காத்தது கடீன் என்றால், மரத்தைக் காத்தது சமயம். 1485-இல் ஜாம்போஜி என்னும் பெரியார் நிறுவிய பிஷ்ணோயி நெறியின் 29 விதிகளுள், பச்சை மரத்தை வெட்டலாகாது என்பதும் ஒன்று. 1730-இல் ஜோத்பூர் மன்னரின் ஆட்கள் அரண்மனைக் கட்டடத்துக்கு வேண்டிய சுண்ணாம்புக் காளவாய்க்கு விறகு தேடிக் கேஜர்லி கிராமத்துக்கு வந்தபோது, அம்ருதா தேவி என்னும் மாது மரத்தைத் தழுவி நின்று உயிர் கொடுத்தாள் என்றும், அவளைத் தொடர்ந்து மாண்டவர்களோடு சேர்த்து 363 பேர் பலியாயினர் என்றும் அச்சமூகத்தார் போற்றிவருகின்றனர். அவர்கள் காத்து நின்ற கேஜ்ரி என்னும் விருட்சம் தமிழர்க்குப் புதியதன்று. விருத்தாசலத்தில் ஸ்தல விருட்சமாக விளங்கும் வன்னியே அது. ஆழ வேரோடி, கோடையிலும் தழைத்து, தன் நிழலில் வளரும் கம்புப் பயிருக்கு ஊறு செய்யாததோடு மண்ணுக்கு வளமும் சேர்த்து, தழையைக் கால்நடைக்கும் காயை மனிதர்க்கும் வழங்கும் இம்மரத்தைப் பாலைக் குடியானவர் வயல் நடுவிலேயே விட்டுவைத்தனர். இதனோடு, தெய்வத்தின் பெயரால் ஒதுக்கி, மேய்ச்சலுக்கன்றிக் கோடரிக்கு இடமளியாத ‘ஓரண்’ என்னும் காவுகளும் ஊர்தோறும் பேணப்பட்டன.

அயல்நாட்டு மரங்களைக் கொண்டுவந்து பாலையைப் பசுமையாக்கும் எண்ணம் 19-ஆம் நூற்றாண்டில் தலையெடுத்தது. 1877-இல் இந்தியாவுக்குள் கொண்டுவரப்பட்ட சீமைக்கருவேலம் பின்னர் ஜோத்பூரைச் சூழ்ந்த மார்வார்ப் பகுதியிலும் பரப்பப்பட்டு, 1940-இல் ஜோத்பூர் சமஸ்தானத்தில் ராஜ மதிப்புப் பெற்ற விருட்சமாயிற்று. அது விறகுப் பஞ்சத்தைத் தணித்தது உண்மையே. ஆனால் மேய்ச்சல் நிலத்தையும் உள்நாட்டுச் செடிகளின் இடத்தையும் அது எவ்வாறு கவர்ந்துகொண்டது என்பதை இராமநாதபுரச் சீமையை அறிந்த தமிழ் வாசகர்க்கு விரித்துரைக்க வேண்டுவதில்லை.

பாலை டில்லியை நோக்கி நகர்ந்துவருகிறது என்ற அச்சம் சுதந்திரத்தை ஒட்டிய ஆண்டுகளில் பரவியிருந்தது. 1952-இல் இராஜபுதனப் பாலையைக் குறித்த விஞ்ஞானிகளின் கருத்தரங்கக் கட்டுரைகள் வெளிவந்தன. அவ்வாண்டிலேயே ஜோத்பூரில் பாலை வனமாக்கல் ஆராய்ச்சி நிலையம் தொடங்கப்பெற்று, 1959-இல் மத்திய வறண்ட மண்டல ஆராய்ச்சி நிலையமாக வளர்ந்தது. இந்நிலையத்தார் உருவாக்கிய மணற்குன்று நிலைநிறுத்தும் முறையே இத்துறையின் தலையாய சாதனை எனலாம்.

அம்முறையின் அடிப்படை எளியது. பெரும்பாலான மணல் வானத்தில் பறந்து செல்வதில்லை. தரையை ஒட்டித் துள்ளித் துள்ளியே நகர்கிறது. ஆதலால் முதலில் குன்றைச் சுற்றி வேலியிட்டுக் கால்நடைகளை விலக்குவர். இவ்வொன்றைச் செய்தாலே உறங்கிக் கிடந்த புல் விதைகள் தாமே முளைக்கத் தொடங்குவதுண்டு. அடுத்து, மழைக்கு முன்னர், அங்கேயே கிடைக்கும் கீம்ப், சினியா, பூளை, காட்டு இலந்தை முதலியவற்றின் காய்ந்த கிளைகளைத் தென்மேற்குக் கோடைக்காற்றுக்குக் குறுக்கே வரிசை வரிசையாகவும், காற்று பல திசையிலும் வீசும் இடங்களில் சதுரங்கக் கட்டம் போலவும் மணலில் ஊன்றுவர். இவ்வுயிரற்ற வேலி சில ஆண்டுகளில் மக்கிவிடும்; எனினும் அதற்குள் கன்றுகள் வேர்கொண்டுவிடும். முதல் நல்ல மழை பெய்ததும், கன்றுகளைச் சற்று ஆழமாகவே நடுதல் வேண்டும். ஏனெனில் மேலே காய்ந்து கொதிக்கும் மணற்குன்று, உள்ளே ஈரத்தைக் காத்துவைத்திருக்கும் சுபாவம் உடையது. மரங்களுக்கிடையே, மழை மிகக் குறைந்த இடத்திலும் நிலைக்கும் சேவண் புல்லை விதைத்தால், மணலும் கட்டுப்படும், பசுவுக்குத் தீனியும் கிட்டும்.

நடுவதற்கு எம்மரம் ஏற்றது என்பதில்தான் வழி பிறழ்ந்தது. 1958-இல் இஸ்ரேலிலிருந்து தருவிக்கப்பட்ட ஒரு வேல மரவகை உள்நாட்டு மரங்களினும் விரைவாக வளர்ந்ததால் பெரும்பரப்பில் நடப்பட்டது. அடர்த்தியாக நட்ட இடங்களில், மரம் முதிர முதிர, குன்றின் உள்ளீரம் குறைந்து புல்லும் நலிந்தது. அதே ஆண்டில் பணி தொடங்கிய இராஜஸ்தான் கால்வாய், பின்னாளில் இந்திரா காந்தி கால்வாய் எனப் பெயர் பெற்றது. சட்லெஜும் பியாஸும் கூடும் ஹரிகேயிலிருந்து 649 கிலோமீட்டர் நீளத்திற்கு நீரைக் கொணர்ந்து, கரையோரத்தில் காடுகளையும் வயல்களையும் அது உண்டாக்கியது. அதனால் பிழைத்த குடும்பங்கள் எண்ணிறந்தவை. ஆயின் மணலுக்கடியில் நீர் இறங்கவொட்டாத கெட்டிப் படிவம் உள்ள இடங்களில் நீர் தேங்கி, உப்பு மேலேறி, பாழான வயல்களும் உள. ஊரின் மழையளவுக்கு ஏற்ப வாழக் கற்றிருந்த கடீன்காரரின் நிதானம் அத்திட்டத்தில் இடம்பெறாதது பெருங்குறை என்பதே எம் அபிப்பிராயம்.

டிராக்டர் உழவு பரவியபின், முன்பு கலப்பைக்குத் தப்பி வளர்ந்த வன்னிக் கன்றுகள் வேரோடு பெயர்ந்து போயின. அண்மைக் காலத்தில் சூரிய மின்நிலையங்களுக்காக நிலம் ஒதுக்கப்படுகையில், ஊரார் பல தலைமுறையாகக் காத்த ஓரண்கள் பல, அரசாங்க ஏடுகளில் தரிசு என்று பதிவாகியிருந்தமையால் பாதுகாப்பிழந்தன. இது குறித்து ஜைசல்மேர்ப் பகுதி மக்கள் முறையிட்டனர். 2024 டிசம்பரில் இந்திய உச்ச நீதிமன்றம், இராஜஸ்தானத்திலுள்ள இத்தகைய தெய்வக் காவுகளை அளந்து, அவற்றை வனமென அறிவிக்குமாறு மாநில அரசுக்குக் கட்டளையிட்டது.