பாதி பொறி, பாதி உயிர்



சுன்னாகத்தில் நான் பணியாற்றும் பாடசாலையில், மாணவன் ஒருவனுடைய கொப்பியின் கடைசித் தாளிலே ஒரு விலங்கைக் கண்டேன். வாய் நெருப்பைக் கக்கியது. உடம்பெங்கும் செதில், சிறகுகளோ இரும்புத் தகடு, விலாப்புறத்திலே பற்சக்கரங்கள். மேனாட்டார் டிராகன் என்று வழங்கும் பறக்கும் நாகத்தைப் பாதி இயந்திரமாக்கி வரைந்திருந்தான். இத்தகைய கற்பனை தமிழில் உண்டா என்று வினவினேன். இல்லை என்றான். அருகிலிருந்தவனோ, நம் முன்னோர் ஆகாயவிமானமே ஓட்டினர் என்று அடித்துக் கூறினான். இருவர் கூற்றும் பிழை என்றே எனக்குப் பட்டது.

விலங்கின் வடிவில் இயந்திரம் அமைக்கும் எண்ணம் தமிழருக்குப் புதிதன்று. அதற்குப் பொறி என்ற பெயரும் உண்டு. சிலப்பதிகாரத்து அடைக்கலக் காதை, மதுரை மதிலின்மேல் இருந்த பொறிகளை அடுக்கிச் சொல்கிறது. நெருங்கியவரைக் கடிக்கும் குரங்குப் பொறி, பகைவர் கண்ணைக் கொத்தும் சிச்சிலிப் பொறி, ஏறியவரின் உடலைக் கோட்டினாற் கிழிக்கும் இரும்புப் பன்றி என அவற்றுக்கு உரையாசிரியர் விளக்கம் தருகின்றனர். கல்லெறியும் கவணும் கொதிக்கும் நெய்யும் எந்த நாட்டுக் கோட்டையிலும் இருந்திருக்கக் கூடியவை. தானே சென்று கண்ணைக் கொத்தும் பறவை அத்தகையதன்று. புலவரோ இரண்டையும் ஒரே மூச்சில் அடுக்கிவிடுகிறார். வரலாறு எங்கே முடிகிறது, கற்பனை எங்கே தொடங்குகிறது என்று பிரித்தறிதல் படிப்பவர் பொறுப்பு.

இனி யானைக்கு வருவோம். வத்தநாட்டு மன்னன் உதயணன் யாழிசையால் யானைகளை வசப்படுத்துபவன். அவனைச் சிறைப்பிடிக்க விரும்பிய உஞ்சை வேந்தன் பிரச்சோதனன், பொய்யானை ஒன்றைச் செய்து, உள்ளே வீரரை மறைத்துக் காட்டில் விடுத்தான். கொங்குவேளிர் இயற்றிய பெருங்கதையில் இந்நிகழ்ச்சி வரவேண்டிய முற்பகுதி நமக்குக் கிடைக்கவில்லை. 1924ஆம் ஆண்டில் உ. வே. சாமிநாதையர் பதிப்பித்த நூல் உஞ்சைக் காண்டத்தின் இடையிலிருந்தே தொடங்குகிறது. ஆயினும் இலங்கையிலே வழங்கிவந்த தம்மபத உரையில் இக்கதை பாளி மொழியில் உண்டு. அங்கே மரயானையின் வயிற்றுக்குள் அறுபது பேர் நடமாடுகின்றனர். இடையிடையே யானைச் சாணத்தை வெளியே தள்ளுகின்றனர்! திறாய் நகரத்து மரக்குதிரையைப் பாடிய கிரேக்கருக்கு இந்த நுட்பம் தோன்றவில்லை. யானையை நாள்தோறும் கண்டு பழகிய ஒருவனே இக்கதையைச் சொல்லியிருத்தல் வேண்டும்.

எல்லாவற்றிலும் சிறந்தது சீவக சிந்தாமணியின் மயில். ஏறத்தாழ 10ஆம் நூற்றாண்டிலே திருத்தக்கதேவர் பாடிய அக்காப்பியத்தில், ஏமாங்கத நாட்டரசன் சச்சந்தன், அமைச்சன் கட்டியங்காரன் தன் அரசைக் கவர்வான் என்று அஞ்சுகிறான். கருவுற்றிருக்கும் அரசி விசயை தப்பிச் செல்ல வழி வேண்டும். கம்மியன் ஒருவன் துணி, நூல், பயின், அரக்கு, மெழுகு ஆகியவற்றைக் கொண்டு ஏழு நாளில் மயிற்பொறி ஒன்றைச் செய்து கொடுக்கிறான். வலப்புறம் திரித்தால் எழும்பும். இடப்புறம் திரித்தால் இறங்கும். அரசிக்கு அதைச் செலுத்தும் பயிற்சியும் தரப்படுகிறது. பகைவர் அரண்மனையை வளைத்த நாளில், கணவனைப் பிரிந்து தனியே பறந்து செல்கிறாள். கட்டியங்காரனுடைய வெற்றி முரசு காதில் விழுகிறது. அரசன் மாண்டான் என்று உணர்ந்து மயங்குகிறாள். மயில் சுடுகாட்டில் இறங்குகிறது. அங்கேதான் சீவகன் பிறக்கிறான்.

இது விமானத்துக்குச் சான்றாகாது. எப்பொருளாற் செய்தான் என்று சொன்ன புலவர், எவ்வாற்றல் அதை மேலே தூக்கியது என்று சொல்லவில்லை. ஆனால் அவர் கண்ட வேறோர் உண்மை உண்டு. அந்த மயிலின் உயிர்ப்பாதி விசயையின் கையிலே இருந்தது. கை ஓய்ந்ததும் பொறியும் ஓய்ந்தது. யானைக்கு அறுபது பேர். மயிலுக்கு ஒரு கை. பெயரிலேயே மயிலைத் தாங்கிய மயிலணி என்ற குறிச்சி நம் ஊரிலேயே இருக்கிறது. அ. குமாரசுவாமிப் புலவர் வாழ்ந்த இச்சுன்னாகத்தில், நம் பிள்ளைகள் சிந்தாமணி மயிலை அறியாதிருத்தல் ஆசிரியராகிய எங்கள் குறையே.

கதையில் மட்டுமன்றிக் கண்ணாற் காணக்கூடிய பொறிவிலங்கும் தென்னாட்டில் இருந்தது. மைசூர்த் திப்பு சுல்தானுடைய மரப்புலி, வெள்ளைக்காரன் ஒருவனைக் கீழே வீழ்த்திக் கடித்துக்கொண்டிருக்கும். கைப்பிடியைச் சுழற்றினால் உள்ளிருக்கும் துருத்திகள் காற்றூத, புலி உறுமும். வீழ்ந்தவன் கையை உயர்த்தி அலறுவான். 1799இல் சீரங்கபட்டணம் வீழ்ந்தபோது ஆங்கிலேயர் அதைக் கைப்பற்றினர். இன்று இலண்டன் விக்டோரியா அல்பேட் நூதனசாலையில் இருக்கிறது. அதற்கும் கைப்பிடியைச் சுழற்ற ஓர் ஆள் வேண்டும்.

இவற்றையெல்லாம் அம்மாணவனிடம் சொன்னேன். பொறுமையாகக் கேட்டான், நம்பினானா என்பது வேறு. பின்னர், கந்தசட்டிச் சூரன் போரை நினைவூட்டினேன். யானைத்தலையும் சிங்கத்தலையும் மாறி மாறிப் பூணும் அந்த மரச்சூரன் வீதியிலே துள்ளுகிறானே, அவனுக்குள் என்ன இயந்திரம் இருக்கிறது என்று கேட்டேன். அவன் சிரித்துவிட்டான். சென்ற ஆண்டு தமையன் சூரனைத் தூக்கினானாம். இம்முறை தானும் தோள் கொடுக்கப் போகிறானாம். தண்டு அழுத்தும் இடத்தில் சால்வையை நான்காக மடித்து வைக்கவேண்டும் என்று எனக்கே சொல்லித் தந்தான்.