ஒரு தாய் சேர்த்து வைத்தவை

1917-ஆம் ஆண்டு நியூயார்க்கில் நடைபெற்ற கலைக் கண்காட்சிக்கு மார்செல் துஷான் என்னும் பிரெஞ்சுக் கலைஞர், கடையில் வாங்கிய கழிப்பறைப் பீங்கான் ஒன்றில் புனைபெயர் எழுதி அனுப்பினார். கண்காட்சியினர் அதனை ஏற்க மறுத்தனர். ஆயினும், பொருளைத் தேர்ந்து முன்வைப்பதும் கலையே என்னும் கருத்து அன்று வேரூன்றியது. நாற்காலி, காலணி, கிண்ணம் முதலிய அன்றாடப் பொருள்களை அடுக்கிக் கருத்துணர்த்தும் கலை அவ்வழியே வளர்ந்தது. ‘இதுவும் கலையா?’ என்று வினவுவோர் இன்றும் உளர். அவர்கள் ஒரு சீனத் தாயின் வரலாற்றை அறிவது நலம்.

பெய்ஜிங் நகரில் வாழ்ந்த சாவ் சியாங்யுவான் 1938-இல் பிறந்தவர். 1950-களில் தந்தை சிறைப்பட்டமையால் குடும்பம் வறுமையுற்றது. துணியும் சோப்பும் பங்கீட்டில் மட்டுமே கிடைத்த காலமும் வந்தது. எதையும் வீணாக்கலாகாது என்பதே அத்தலைமுறையின் இல்லற நெறி. பற்பசைக் குழாய், பாட்டில் மூடி, துண்டுத் துணி, தேய்ந்த காலணி என எதனையும் அவர் எறிந்ததில்லை. மகனின் வருங்கால இல்லறத்திற்கென்றே சோப்புக் கட்டிகளைச் சேமித்து வைத்தார். சலவை இயந்திரம் வந்த பின்னர், காய்ந்துபோன அக்கட்டிகள் மகனுக்குத் தேவைப்படவில்லை.

2002-இல் கணவர் இறந்தார். துயருற்ற தாய் பொருள்களை மேலும் மேலும் சேர்த்தார். வீட்டில் நடமாடவும் இடமில்லாமற் போயிற்று. அப்புறப்படுத்த முயன்ற பிள்ளைகளோடு பிணக்கு நேர்ந்தது. மகன் சொங் டொங் ஒரு கலைஞர். தாயின் வேதனையை உணர்ந்த அவர், அப்பொருள்களையே கலைப்படைப்பாக்க அவரை அழைத்தார். 2005-இல் பெய்ஜிங்கில், பழைய வீட்டின் மரச்சட்டத்தைச் சூழ, பத்தாயிரத்திற்கும் மேற்பட்ட பொருள்கள் வகைவகையாகப் பரப்பப்பட்டன. தாயே தம் கைகளால் அவற்றைப் பிரித்து அடுக்கினார். வந்தவர்களுக்கு அவற்றின் கதையையும் கூறினார். அம்மாவும் நாங்களும் நலமே, கவலை வேண்டாம் என்று மறைந்த தந்தைக்குச் சொல்லும் ஒளியெழுத்துகள் மேலே மிளிர்ந்தன. 2009-இல், அடிபட்ட பறவையொன்றைக் காப்பாற்ற முயன்று தவறி விழுந்து அத்தாய் இறந்தார். அதே ஆண்டு நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகத்தில் அப்படைப்பு வைக்கப்பட்டது.

ஐயாயிரம் பேர் உண்டு நிறைவடைந்த பின், எஞ்சிய துண்டுகளைச் சேர்க்குமாறு ஆண்டவர் சீடரைப் பணித்தார். பன்னிரண்டு கூடைகள் நிரம்பின. அப்பத்தைப் பெருக்க வல்லவருக்கு எஞ்சியவற்றால் ஆக வேண்டியது யாது? பசித்தவர் கையில் இருந்த துண்டு, குப்பையாகிவிடக் கூடாதென்று அவர் எண்ணினார் போலும். மறைசாட்சிகளின் ஆடைத் துணுக்கைத் திருச்சபை போற்றி வைப்பதும் இத்தகைய மதிப்பினாலன்றோ?

தாயின் அச்சத்தைக் குப்பையோடு வெளியேற்ற முயன்றபோது மகன் தோற்றார். அதற்கு இடமளித்துச் செவிமடுத்தபோது அவ்வச்சம் வரலாறாயிற்று. நம் இல்லங்களிலும் முதியோரின் மூலையொன்று உண்டு. துருவேறிய பெட்டியொன்று உண்டு. விழாவுக்கு வெள்ளையடிக்குமுன் அப்பெட்டியைத் தெருவில் வைத்துவிடுகிறோம். அதற்குமுன் ஒரு மாலைப்பொழுது அருகமர்ந்து, ஒவ்வொரு பொருளையும் கையிலெடுத்து, ‘இது எப்போது வாங்கியது, அம்மா?’ என்று கேட்போமாக.