நீர்மேல் எழுத்தாகாத நேரங்கள்

2004 மார்ச் 25. நியூயார்க் மாநிலத்தின் ஈஸ்ட் மெடோவில் அமெரிக்கக் கல்லூரிகளுக்கான தேசிய நீச்சல் போட்டி. ஆபர்ன் பல்கலைக்கழகத்துக்காக நீந்திய பிரெஞ்சு மாணவர் ஃபிரெடரிக் பூஸ்கே, 25 மீட்டர் குளத்தில் 50 மீட்டர் ஃப்ரீஸ்டைலை 21.10 விநாடியில் முடித்தார். அது உலக சாதனை. மறு ஆண்டு அதே போட்டியில் அவர் 50 கெஜத்தை 18.74 விநாடியில் கடந்தார். அந்தத் தூரத்தில் 19 விநாடிக்குக் கீழே இறங்கிய முதல் மனிதர் அவர்தான். ஆனால் அது கெஜக் குளத்து நேரம் என்பதால் உலக சாதனைப் பட்டியலில் அதற்கு இடமில்லை. அமெரிக்கச் சாதனையாகவும் எழுத முடியவில்லை, அந்தப் பட்டியல் அந்நாட்டுக் குடிமக்களுக்கு மட்டுமே உரியது. கல்லூரிச் சாதனை ஏட்டிலும், அமெரிக்க மண்ணில் எந்த நாட்டவர் நீந்தினாலும் ஏற்கும் 'யு.எஸ். ஓபன்' ஏட்டிலும்தான் அது ஏறியது.

கல்லூரி நீச்சல் வீரரின் சாதனையைச் சரிபார்க்கப் புறப்படுபவர் முதலில் கேட்க வேண்டிய கேள்வி, எந்தக் குளம் என்பதே. 1924இல் தொடங்கிய அமெரிக்கக் கல்லூரிப் போட்டிகள் பெரும்பாலும் 25 கெஜக் குளத்தில் நடப்பவை. அதாவது 22.86 மீட்டர். 2000, 2004 ஆகிய ஒலிம்பிக் ஆண்டுகளில் மட்டும் மீட்டர் குளத்துக்கு மாறிப் பார்த்தார்கள், பிறகு கெஜத்துக்கே திரும்பிவிட்டார்கள். ஃப்ளோரிடா பல்கலைக்கழகத்தின் கேலப் டிரெசல் 2018இல் 100 கெஜத்தை 39.90 விநாடியில் நீந்தினார். 50 மீட்டர் குளத்தில் 100 மீட்டருக்கு சீசர் சியேலோ 2009இல் வைத்த உலக சாதனை அப்போது 46.91. குளத்தின் அளவைச் சொல்லாமல் இந்த இரண்டு எண்களையும் அருகருகே வைத்தால் விவரம் தெரியாதவர் தவறாகவே முடிவு கட்டுவார்.

தொடக்கக் காலத்தில் குளமே இல்லாமலும் பந்தயம் நடந்தது. 1896 ஏதென்ஸ் ஒலிம்பிக்கில் கடலில் நீந்தினார்கள். 1900 பாரிஸில் சேன் ஆற்றில் நீந்தினார்கள், ஆற்றின் ஓட்டமும் கூடவே தள்ளியது. 1908 ஜூலை 19 அன்று லண்டனில் எட்டு நாடுகளின் சங்கங்கள் கூடி உலக நீச்சல் கூட்டமைப்பை அமைத்தபோது, உலக சாதனைகளைச் சரிபார்த்துப் பட்டியல் வைத்திருப்பதும் அதன் அடிப்படை வேலைகளில் ஒன்றாக வைக்கப்பட்டது. 1957 மே முதல் 50 மீட்டர் அல்லது 55 கெஜம் நீளமுள்ள பெரிய குளங்களின் நேரங்கள் மட்டுமே உலக சாதனை ஆகும் என்றார்கள். 25 மீட்டர் குளத்துக்குத் தனிப் பட்டியல் வந்தது 1991இல்.

குளத்தின் நீளத்தை ஒழுங்குபடுத்திய பிறகும் ஒரு பெரிய ஓட்டை இருந்தது. கடைசிக் கை சுவரைத் தொடும் கணத்தை முடிவு செய்தது மனிதக் கண். அந்த ஓட்டையில் விழுந்தவர் தென் கலிஃபோர்னியா பல்கலைக்கழக மாணவர் லான்ஸ் லார்சன். 100 மீட்டர் பட்டர்ஃபிளையை ஒரு நிமிடத்துக்குள் நீந்திய முதல் வீரர் அவர். 1960 ரோம் ஒலிம்பிக்கின் 100 மீட்டர் ஃப்ரீஸ்டைல் இறுதியில் ஆஸ்திரேலியாவின் ஜான் டெவிட்டும் அவரும் கிட்டத்தட்ட ஒன்றாகச் சுவரை எட்டினார்கள். லார்சனின் தடத்தில் நின்ற மூன்று ஸ்டாப்வாட்ச்கள் 55.0, 55.1, 55.1 காட்டின. டெவிட்டின் தடத்தில் மூன்றுமே 55.2. முதலிடத்தைப் பார்க்க வேண்டிய மூன்று நடுவர்களில் இருவர் டெவிட் என்றார்கள். இரண்டாமிடத்தைப் பார்க்க வேண்டிய மூவரில் இருவரும் டெவிட்டையே காட்டினார்கள், அதாவது வென்றவர் லார்சன் என்று. மூன்றுக்கு மூன்று.

தலைமை நடுவர் ஹான்ஸ் ருன்ஸ்ட்ரோமர் டெவிட்டுக்குத் தங்கம் என்று தீர்ப்பளித்தார். ஒருவர் இரண்டாவதாக வந்துவிட்டு முதலாமவரைவிடக் குறைந்த நேரம் எடுத்திருக்க முடியாது அல்லவா? அதனால் லார்சனின் நேரத்தையும் 55.2 என்று மாற்றி எழுதினார்கள். நடுவர்கள் பொத்தானை அழுத்தி இயக்கும் மின் கடிகாரம் ஒன்றும் அங்கே இருந்தது. அதுவும் லார்சனையே முன்னால் காட்டியது. அமெரிக்கா முறையிட்டது, பலனில்லை.

தங்கப் பதக்கம் போனதைக்கூட ஒரு தீர்ப்பின் பிழை என்று விட்டுவிடலாம். கருவி பதிந்த எண்ணை, கண் சொன்னதோடு பொருந்த வேண்டும் என்பதற்காகத் திருத்தியதுதான் பொறுக்க முடியாத செயல். சாதனைப் புத்தகத்தைக் காப்பதற்கென்றே அமர்ந்திருந்தவர்கள் கையாலேயே அது நடந்தது. லார்சன் அதே ஒலிம்பிக்கில் தொடர் நீச்சலில் தங்கம் வென்றார். ஆனால் அந்த 55.1 எந்த அதிகாரபூர்வ ஏட்டிலும் இல்லை.

ரோமின் சர்ச்சை கருவியின் பக்கம் எல்லோரையும் திருப்பியது. 1967இல் வின்னிபெக் நகரில் நடந்த பான் அமெரிக்கப் போட்டியில் ஒமேகா நிறுவனத்தின் தொடுபலகைகள் சுவரில் ஏறின. அலை மோதினால் அசையாது, கை அழுத்தினால் கடிகாரத்தை நிறுத்தும். மறு ஆண்டே மெக்சிகோ ஒலிம்பிக்குக்கும் வந்துவிட்டன.

பிறகு கருவியே அளவுக்கு மீறிப் பேசியது. 1972 மியூனிக்கில் 400 மீட்டர் தனிநபர் மெட்லியில் சுவீடனின் குன்னார் லார்சன் 4:31.981, ஃப்ளோரிடா பல்கலைக்கழகத்தின் டிம் மெக்கீ 4:31.983. ஒரு விநாடியின் ஆயிரத்தில் இரண்டு பங்கு. அந்த வேகத்தில் அது சுமார் மூன்று மில்லிமீட்டர். குளம் கட்டுகிற கொத்தனார் எவராலும் ஒரு தடத்துக்கும் அடுத்த தடத்துக்கும் இடையே அத்தனை துல்லியம் காக்க முடியாது. மெக்கீயைத் தோற்கடித்தது எதிராளியின் கையா, சுவரின் பூச்சா என்று யாரும் அறுதியிட முடியாத நிலை. அதன் பிறகு நூறில் ஒரு பங்கோடு நிறுத்திக்கொண்டார்கள், சமமானால் இருவருக்கும் பதக்கம். 2016 ரியோவில் ஸ்டான்ஃபோர்டு மாணவி சிமோன் மேனுவலும் கனடாவின் பென்னி ஒலெக்ஸியாக்கும் 52.70 விநாடியில் 100 மீட்டர் ஃப்ரீஸ்டைல் தங்கத்தைப் பகிர்ந்தது இந்த விதியால்தான்.

இன்று ஒரு நேரம் உலக சாதனையாக ஏற கடிகாரம் மட்டும் போதாது. தகுதியுள்ள அளவையாளர் தடத்தின் நீளத்தை அளந்து சான்று தர வேண்டும். 50 மீட்டர் தடம் ஒரு மில்லிமீட்டர்கூடக் குறையக் கூடாது. நகரும் தடுப்புச் சுவர் வைத்துக் குளத்தைச் சுருக்கியிருந்தால், நீந்தி முடித்த அமர்வின் கடைசியில் மறுபடி அளக்க வேண்டும். ஊக்கமருந்துச் சோதனை கட்டாயம். தொடர் நீச்சலில் முதலில் குதிப்பவரின் நேரம் மட்டுமே தனிச் சாதனையாகும், மற்றவர்கள் முன்னவர் வருவதைப் பார்த்தபடியே உந்திப் பாய்கிறார்கள். உடையும் கணக்கில் சேரும்: 2009 ஏப்ரலில் ஆலன் பெர்னார் 100 மீட்டரை 46.94 விநாடியில் நீந்தியும், அணிந்திருந்த உடைக்கு ஒப்புதல் இல்லாததால் சாதனையாக ஏற்கப்படவில்லை.

இவ்வளவுக்குப் பிறகும் ஒன்று மிச்சமிருக்கிறது: தண்ணீர். குளத்து நீரில் குறிப்பிடத்தக்க ஓட்டம் இருக்கக் கூடாது என்கிறது விதி. 2013 பார்சலோனா உலகப் போட்டியின் நேரங்களை அலசிய இந்தியானா பல்கலைக்கழக ஆய்வாளர்கள், ஒரு பக்கத்துத் தடங்களில் நீந்தியவர்கள் போகும்போது வேகமாகவும் திரும்பும்போது மெதுவாகவும், மறுபக்கத்தில் நேர்மாறாகவும் நீந்தியிருப்பதைக் கண்டார்கள். நீண்ட பந்தயத்தில் போனதும் வந்ததும் ஓரளவு ஈடாகிவிடும். பெரிய குளத்தில் 50 மீட்டர் பந்தயம் ஒரே திசையில் முடிகிறது. அங்கே திரும்பி நீந்தி ஈடுகட்ட வழியில்லை.