வரையாத கையும் சித்திரக் கோடும்: இசாவோ தகஹாத்தாவின் கலைநெறி

அசைவூட்டச் சித்திரங்களை ஆராய்வோர் ஓர் இயக்குநரின் மேதையை அவருடைய கைத்திறனிலேயே தேடுவது வழக்கம். தாமே வரைந்து தம் பாத்திரங்களைப் படைக்கும் ஹயாவோ மியாசாக்கி போன்றோரின் விஷயத்தில் அம்முறை பொருந்தும். ஆயினும் அவருடைய நெடுங்காலத் தோழரும், 1985இல் ஜிப்ளி நிலையம் தோன்றக் காரணமானவர்களுள் ஒருவருமான இசாவோ தகஹாத்தா (1935–2018) ஓவியரல்லர். இதனை ஒரு குறையாகச் சொல்லிக் கடந்து போவதே பொதுவழக்காயிருக்க, அவருடைய கலையின் வளர்ச்சிக்கு அதுவே மூலகாரணம் என்பது இக்கட்டுரையின் துணிபு.

இசே நகரில் பிறந்து, ஒன்பது வயதில் ஒகயாமாவின் மீது விழுந்த குண்டுமாரிக்குத் தப்பிப் பிழைத்த தகஹாத்தா, டோக்கியோப் பல்கலைக்கழகத்தில் பிரெஞ்சு இலக்கியம் பயின்றவர். பால் கிரிமோ இயக்கி ழாக் பிரேவெர் வசனம் எழுதிய சித்திரப் படமொன்று, கோடுகளாலும் சிந்தனையைச் சுமக்க இயலும் என்று அவருக்கு உணர்த்திற்று; 1959இல் அவர் தோயே நிறுவனத்தின் அசைவூட்டப் பிரிவிற் சேர்ந்தார். மூன்றாண்டு உழைப்பில் உருவாகி 1968இல் வெளிவந்த அவருடைய முதற்படமாகிய ‘சூரிய இளவரசன் ஹோருஸ்’, வீரனொருவனின் சாகசத்தைவிட, ஒரு கிராமத்தாரின் கூட்டு முயற்சியையும், ஹில்டா என்னும் பெண்ணின் இருபாற்பட்ட மனப் போராட்டத்தையுமே பெரிதாகக் கொண்டது. அது வசூலில் தோற்றது; 1971இல் அவர் அந்நிறுவனத்தை விட்டு நீங்கினார்.

தொலைக்காட்சிக்காக 1974இல் அவர் இயக்கிய ‘ஹைடி’யின்பொருட்டு, அவரும் தோழர்களும் முன்கூட்டியே சுவிட்சர்லாந்து சென்று மலைவாழ்வை நேரிற் கண்டு திரும்பினர். நெருப்பிற் பாலாடைக்கட்டி உருகுவதும், வைக்கோலிற் படுக்கை விரிப்பதும் 52 பகுதிகள் கொண்ட அத்தொடரில் அவற்றுக்குரிய காலம் பெற்று நிகழ்கின்றன. இத்தகைய அன்றாடச் செயல்களை நடிகரைக் கொண்டே படம் பிடிக்கலாகாதோ, வரைவானேன் என்பது அவர்மீது அடிக்கடி எழுந்த ஆட்சேபம். அதற்குச் சமாதானம் எளிது: காமிராவின் முன் உள்ளவையெல்லாம் கேளாமலே சட்டத்திற்குள் வந்து விடுகின்றன, சித்திரத்திலோ எவரேனும் ஒருவர் வேண்டுமென்று தீர்மானித்தாலன்றி ஒரு துரும்பும் இடம் பெறாது. ஆகவே வரையப்பட்ட அன்றாடச் செயல், கவனித்துப் பார்க்கத்தக்கது என்று முன்பே ஒருவரால் தெரிந்தெடுக்கப்பட்டதாகும்.

எதை வரைவது என்ற வினாவோடு, எத்தகைய கோட்டால் வரைவது என்பதும் அவருக்குப் பிரச்சினையாயிற்று. அகியுகி நோசாகாவின் கதையைத் தழுவிய ‘மின்மினிகளின் கல்லறை’ (1988) என்னும் படத்தில், உருவங்களின் புறக்கோடு வழக்கமான கறுப்பினின்று பழுப்புக்கு மாறியது. அங்கே தன் இறந்தகாலத்தைத் தானே நோக்கி நிற்கும் கதைநாயகன் சேய்தாவின் ஆவி, நம்மையும் அழுபவராக மட்டுமன்றிச் சாட்சிகளாகவும் ஆக்குகிறது. அப்படத்தை வெறும் யுத்த எதிர்ப்புப் படமென்று கொள்வதை இயக்குநரே மறுத்து வந்தார். 1991ஆம் ஆண்டின் ‘நினைவுத் துளிகள்’ படத்தில் 1966இன் பால்ய நினைவுகள் ஓரங்கள் வெளுத்த மெல்லிய வர்ணத்திலும், 1982இன் நிகழ்காலம் கன்னத் தசையின் மடிப்புக்கூடத் தோன்றும் நுண்மையிலும் வரையப்பட்டன. ஜப்பானின் பழைய சித்திரச் சுருள்களை ஆராய்ந்து நூலெழுதிய அவர், யமடா குடும்பத்தைப் பற்றிய 1999ஆம் ஆண்டுப் படத்திலும், எட்டாண்டு உழைப்பில் விளைந்த ‘இளவரசி காகுயாவின் கதை’யிலும் (2013) வெற்றிடத்தையே கருவியாக்கினார். மாளிகையை விட்டு ஓடும் காகுயாவின் உருவம் கரிக்கீறல்களாகச் சிதறும்போது, அவளுடைய துயரத்தைக் கோடே நடித்துக் காட்டுகிறது.

இப்பெருமை யோஷிஃபுமி கொந்தோ, ஓசாமு தனாபே முதலிய ஓவியர்களுக்கன்றோ உரியது என்பார்க்கு, அது பெரிதும் அவர்களுடையதே என ஒப்புதல் வேண்டும். ஆனால் கைகள் மாறியபோதும் மாறாது நின்றது, இப்பொருளுக்கு எந்தக் கோடு தகும் என்ற ஒரே கேள்வி. தமக்கென ஒரு கோடு இல்லாதிருந்ததனால், எந்தக் கோட்டிற்கும் அடிமைப்படாமல் அதனை ஒவ்வொரு முறையும் புதிதாகக் கேட்க அவரால் இயன்றது. கெடு தவறுதல் அதற்கு அவரும் உடனுழைத்தோரும் செலுத்திய விலை: ‘கல்லறை’ திரையேறிய நாளில் அதன் சில காட்சிகள் வர்ணம் தீட்டப்படாமலே காட்டப்பட்டன. ஆதலின் அசைவூட்டக் கலையின் சரித்திரத்தைக் கைத்திறனின் வம்சாவளியாக மட்டும் எழுதுவோர், வரைவதும் இயக்குவதும் வெவ்வேறு வித்தைகள் என்பதைத் தகஹாத்தாவின் வாழ்வைக் கொண்டு ஏற்றே தீரவேண்டும்.