இஞ்சி எலுமிச்சை சர்பத்: சர்க்கரையைக் குறைத்தால் ஏன் சீக்கிரம் கெட்டுப்போகிறது?

அந்தமானில், 2024 வரை போர்ட் பிளேர் என்று அழைக்கப்பட்ட ஸ்ரீ விஜயபுரத்தின் ஃபீனிக்ஸ் பே படகுத்துறையில் இருந்து ஸ்வராஜ் தீவுக்கு அரசுப் படகுகள் கிளம்புகின்றன. சுமார் இரண்டரை மணி நேரப் பயணம். அலை அதிகமானால் வயிற்றைப் புரட்டும். 'பையில இஞ்சி ஏதாவது வச்சுக்கோ' என்று வீட்டில் சொல்வது சும்மா இல்லை.

டென்மார்க்கில் கடற்படைப் பயிற்சி மாணவர்கள் 80 பேரிடம் கொந்தளிப்பான கடலில் நடத்திய ஆய்வு 1988-ல் வெளியானது. 1 கிராம் இஞ்சிப் பொடி சாப்பிட்டவர்களுக்கு வாந்தியும் குளிர் வியர்வையும் குறைந்தன. குமட்டலும் தலைசுற்றலும் உறுதியாகச் சொல்லும் அளவுக்குக் குறையவில்லை. ஆக, கொஞ்சம் உதவும், அவ்வளவுதான்.

150 கிராம் இஞ்சியைத் தோல் சீவி அரைத்துப் பிழிந்தால் ஏறக்குறைய 75 மி.லி. சாறு வரும். கால் மணி நேரம் அசைக்காமல் வையுங்கள். அடியில் வெள்ளையாகப் படிவதைச் 'சுண்ணாம்பு' என்பார்கள். உண்மையில் அது மாவுச்சத்து. தெளிந்ததை மட்டும் எடுங்கள், இல்லையென்றால் சர்பத் கலங்கலாக இருக்கும்.

600 கிராம் சர்க்கரை, 150 மி.லி. தண்ணீர், இஞ்சிச் சாறு மூன்றையும் கரையும் வரை சூடாக்கி, ஒரு கொதி வந்ததும் இறக்குங்கள். ஆறிய பிறகே விதை நீக்கிய 100 மி.லி. எலுமிச்சைச் சாறு. சூட்டில் ஊற்றினால் மணம் போய்விடும்.

'சர்க்கரை ஜாஸ்தியா இருக்கே' என்று பாதியாக்கத் தோன்றும். அங்கேதான் சிக்கல். மேலே உள்ள அளவில் மொத்த எடையில் சுமார் 65 சதவீதம் சர்க்கரை. பழ சர்பத்துக்கு உணவுப் பாதுகாப்பு ஆணையமான எஃப்எஸ்எஸ்ஏஐ கேட்கும் குறைந்தபட்ச கரைதிடப்பொருளும் 65 சதவீதம்தான். இவ்வளவு சர்க்கரை தண்ணீரைப் பிடித்து வைத்துக்கொள்வதால் ஈஸ்டும் பூஞ்சையும் எளிதில் வளர முடியாது. பாதியாக்கினால் அந்தக் காவல் போய்விடும். தீவின் புழுக்கத்தில் வெளியே வைத்தால் சீக்கிரமே நுரைத்துப் புளிக்கும். சர்க்கரை குறைவாகத்தான் வேண்டும் என்றால் கொஞ்சமாகச் செய்து, ஃபிரிட்ஜில் வைத்து, சில நாட்களில் முடித்துவிடுங்கள்.

முழு அளவில் செய்ததையும் கொதிநீரில் கழுவி உலர்த்திய பாட்டிலில் ஊற்றி ஃபிரிட்ஜில் வைப்பதே நல்லது. ஈரக் கரண்டி கூடாது.

ஒரு கிளாஸுக்கு 25 மி.லி. போதும். அதிலேயே சுமார் 21 கிராம் சர்க்கரை இருக்கிறது. உலக சுகாதார நிறுவனம் சொல்லும் தினசரி உச்சவரம்பு, 2,000 கலோரி உணவுக்கு 50 கிராம். நீரிழிவு இருப்பவர்கள் சர்பத்தை விட்டுவிட்டு இஞ்சித் துண்டை மெல்லலாம். எதுவானாலும் படகு ஏறுவதற்கு முன்பே. புரட்ட ஆரம்பித்த பிறகு எதுவும் உள்ளே தங்காது.