குப்பம்மாள் என்னும் பெயரின் பொருள்

1877இல் கோலகங்சாரில் இரப்பர்க் கன்றுகள் நடப்பெற்றன. பின்னாளில் பெருகிய பேராத் தோட்டங்களுக்கு வந்த தமிழர், குப்பன், குப்பம்மாள் என்னும் பெயர்களையும் உடன்கொணர்ந்தனர். அப்பெயர்களைச் சொல்லப் பேரப்பிள்ளைகள் சிலர் நாணுவதை நாம் காண்கிறோம். ‘குப்பை’ என்னும் சொல்லுக்கு அகராதி தரும் பொருளோடு நாம் நின்றுவிட்டால் பிழைபடுவோம். முன்பிறந்த மகவுகளைப் பறிகொடுத்த பெற்றோர், அடுத்த குழந்தையைக் குப்பையில் கிடத்தி எடுத்து அப்பெயரிடுவது தமிழகத்து வழக்கமாக இருந்தது. இழிந்த பெயரைக் கேட்டுக் கூற்றுவன் விலகுவான் என நம்பினர். எனவே அஃது இகழ்ச்சியன்று; காப்பு. ஈப்போ நகரும் நச்சுப்பால் சுரக்கும் மரத்தின் பெயரையே தாங்கி நிற்கிறது. அதற்காக நாம் நாணுவதில்லை. மாணவர்களே, பெயர்ப்பொருள் ஆராயுங்கால் சொல்லின் வேரை மட்டுமன்றி, பெயரிட்டவர் மனத்தையும் நாம் அறிதல் வேண்டும்.