பிடி அரிசியும் பதிவேடும்

வானம் பார்த்த கரிசல் பூமியிலே வாழ்ந்த நம் முன்னோர், நாளைக்கென எடுத்து வைப்பதை அறமாகவே கொண்டனர். விருதுநகர் வணிகர் சரக்கு மூடைக்கு இவ்வளவென்று மகமை ஒதுக்கினர். பெண்கள் உலை வைக்குமுன் ஒரு பிடி அரிசியைத் தனியே எடுத்து வைத்தனர். அப்பிடி அரிசியால் வளர்ந்த சத்திரிய வித்தியாசாலையில்தான் காமராசர் பயின்றார்.

1923-இல் சிவகாசியில் தீப்பெட்டித் தொழில் பிறந்தது. அதே ஆண்டில் தொழிலாளர் நட்டஈட்டுச் சட்டமும் பிறந்தது. வேலையில் உயிர் போனால் முதலாளி ஈடு தரவேண்டும் என்று அது விதித்தது. போபால் துயருக்குப்பின், 1991-இல், அபாயப் பொருள்களைக் கையாளுவோர் வெளியாருக்காகவும் காப்பீடு செய்வது கட்டாயமாயிற்று. 2012 செப்டம்பர் 5-இல் முதலிப்பட்டி பட்டாசு ஆலை வெடித்தபோது மாண்ட முப்பதுக்கும் மேற்பட்டோரில், உதவ ஓடி வந்த ஊராரும் இருந்தனர் என்பதை நாம் மறத்தலாகாது.

சட்டம் ஈடு தரும். ஆனால் வருகைப் பதிவேட்டில் பெயரில்லாதவர் அங்கே உழைத்தார் என்று நிலைநாட்ட, அவர் வீட்டார் அலைய நேரிடும். ஆகவே, பெயரைப் பதியக் கேட்பது முதலாளிக்கு எதிரான செயலன்று. பிள்ளைகளுக்குச் செய்யும் கடமை. காப்பீட்டுப் பத்திரம் எங்கே இருக்கிறது, அதில் யார் பெயர் எழுதப்பட்டுள்ளது என்பதை மனைவி மக்களுக்குச் சொல்லி வைப்போம். கூலியில் ஒரு பிடியையும் ஒதுக்கி வைப்போம்.